டப்பாவுக்கு விலை உண்டு, மாங்காய்க்கு இல்லை

கோடைக்காலத்தில் தமிழ்ப் பத்திரிகைகளில் தவறாமல் வந்துவிடும் செய்திகள் சில உண்டு. கத்திரி வெயில் ஆரம்பம், ஊட்டியில் மலர்க் கண்காட்சி, பிளஸ் டூ ரிசல்ட். இந்த வரிசையில் ஒரு வருஷம் விட்டு ஒரு வருஷமாவது இடம் பிடித்துவிடும் இன்னொரு செய்தி, 'மாங்காய் விலை வீழ்ச்சி, கிருஷ்ணகிரி விவசாயிகள் கவலை'. கூடவே ஒரு படம் இருக்கும். டிராக்டர் நிறைய மாங்காய், பக்கத்தில் தலையில் துண்டு கட்டிய ஒரு பெரியவர். செய்தியின் கடைசி வரியில் 'விளைச்சல் அதிகரித்ததே காரணம்' என்று முடித்துவிடுவார்கள். மறுநாள் வேறு செய்தி.

அந்தக் கடைசி வரியை யாரும் கேள்வி கேட்பதில்லை. விளைச்சல் கூடினால் விலை குறையும், இது பொருளாதாரம் படிக்காதவருக்கும் தெரியும். ஆனால் தக்காளிக்குப் பொருந்துகிற இந்தக் கணக்கு, டப்பாவில் அடைக்கப்படும் மாங்கூழுக்கு அப்படியே பொருந்துமா? தக்காளி நாலு நாளில் அழுகிவிடும். டப்பாவுக்குள் போன மாங்கூழ் ஒன்றரை, இரண்டு வருஷம் வரை கெடாது. அவ்வளவு நாள் கெடாத ஒரு பொருளைச் செய்வதற்கான காயின் விலை, ஒரே சீசனில் பாதியாகவும் அதற்குக் கீழேயும் சரிகிறது என்றால், விளைச்சலை மட்டும் காரணம் காட்டுவது ரொம்ப வசதியான பதில். யாருக்கு வசதி என்பதுதான் கேள்வி.

முதலில் இது எந்த மாங்காய் என்று பார்த்துவிடலாம். சேலத்து மல்கோவாவோ, கூடையில் வைத்து உறவினர் வீட்டுக்குக் கொடுத்தனுப்பும் இமாம்பசந்தோ இல்லை. வடக்கே தோத்தாபுரி என்பார்கள், கிருஷ்ணகிரி பக்கம் பெங்களூரா, மற்ற இடங்களில் கிளிமூக்கு மாங்காய். பஸ் ஸ்டாண்டிலும் கடற்கரையிலும் பூப்போலக் கீறி, உப்பும் மிளகாய்த்தூளும் தடவித் தருவார்களே, அதே காய்தான். காயாக இருக்கும்போது அதற்கு இருக்கிற மவுசு பழமானால் கிடையாது. பழக்கடையில் அல்போன்சாவும் பங்கனபள்ளியும் இருக்கும்போது பெங்களூராவை யாரும் தேடிப்போய் வாங்குவதில்லை. ஆனால் சதைப்பற்று அதிகம், காய்ப்பும் அதிகம், அடிபட்டாலும் தாங்கும், லாரியில் தூரம் போகும். கூழ் எடுப்பதற்கென்றே பிறந்த மாதிரி ஒரு ரகம். அதனால்தான் கிருஷ்ணகிரி, அதை ஒட்டிய ஆந்திராவின் சித்தூர், கர்நாடகாவின் கோலார் என்று மூன்று மாநில எல்லைகள் கூடுகிற அந்தப் பகுதி முழுக்க இந்த மரம் பரவியது. நாட்டின் மாங்கூழ்த் தொழிலுக்கு இரண்டு பெரிய மையங்கள் என்று மத்திய அரசின் ஏற்றுமதி மேம்பாட்டு அமைப்பான அபேடா குறிப்பிடுவதும் சித்தூரையும் கிருஷ்ணகிரியையும்தான்.

இதில் கவனிக்க வேண்டியது ஒன்று. பெங்களூரா வைத்திருப்பவருக்கு வாங்க ஆள் இரண்டே பேர். ஒன்று ஆலை, இல்லையென்றால் ஆலைக்கு வாங்கித் தரும் மண்டி. 'விலை இல்லையென்றால் சந்தையில் போய் விற்க வேண்டியதுதானே' என்று சென்னையில் உட்கார்ந்துகொண்டு சொல்பவர்கள், வீட்டுக்குக் கடைசியாக எப்போது பெங்களூரா பழம் வாங்கினோம் என்று யோசித்துப் பார்க்கட்டும்.

ஆலைக்குள் என்ன நடக்கிறது? காயாகத்தான் பறித்து வருகிறார்கள். குடோனில் சில நாள் பழுக்க வைத்து, கழுவி, கொட்டை நீக்கி, கூழாக்கி, சல்லடையில் வடித்து, சூடாக்கி டப்பாவில் நிரப்பி மூடி, மறுபடியும் கொதிக்க வைத்துக் குளிர்விப்பார்கள். பெரிய டப்பா ஒன்றில் 3.1 கிலோ கூழ் பிடிக்கும். மொத்தமாக வாங்கும் குளிர்பான நிறுவனங்களுக்கு 200 கிலோவுக்கு மேல் பிடிக்கும் டிரம்களில், கிருமி நீக்கிய பைக்குள் அடைத்துப் போகும். பழுத்த பக்குவத்தைப் பொறுத்து முன்னே பின்னே இருந்தாலும், ஒரு டன் கூழுக்கு சுமார் இரண்டு டன் காய் வேண்டும். இந்தக் கணக்கை ஞாபகம் வைத்துக்கொள்வது நல்லது, கொஞ்ச நேரத்தில் தேவைப்படும்.

சீசன் மொத்தமே மே முதல் ஜூலை வரை, இழுத்தால் ஆகஸ்ட். இந்த மூன்று மாதத்தில் எடுத்த கூழை வருஷம் முழுக்க விற்கிறார்கள். ஆலை சீசனுக்கு முன்பு எதையெல்லாம் வாங்கும்? தகர டப்பா வாங்கும், அதற்கு ரேட் உண்டு. அட்டைப் பெட்டிக்கு ரேட் உண்டு. கொதிகலனுக்கு எரிபொருள், அதற்கும் உண்டு. மின்சாரத்துக்கு யூனிட்டுக்கு இவ்வளவு என்று ஒழுங்குமுறை ஆணையம் எழுதி வைத்திருக்கிறது. வங்கிக் கடனுக்கு வட்டி சதவீதம் கையெழுத்தாகியிருக்கும். அத்தனைக்கும் முன்கூட்டியே விலை தெரியும். தெரியாத ஒரே விலை மாங்காயின் விலை! அது இல்லாமல் ஆலையே ஓடாது. ஆனால் அதற்கு மட்டும் 'அன்றைக்கு என்ன ரேட்டோ அதுதான்'.

2025-ல் அந்த 'அன்றைய ரேட்' எங்கே போனது என்பது எல்லோருக்கும் தெரியும். கிலோ 5 ரூபாய் என்ற அளவுக்கு வந்தது, சில இடங்களில் அதற்கும் கீழே. பறிப்புக் கூலியும் வண்டி வாடகையும் கட்டாத விலை. சித்தூர் மாவட்டத்தில் ஆலைகளுக்கு வெளியே மாங்காய் ஏற்றிய டிராக்டர்களும் லாரிகளும் நாள்கணக்கில் நின்றன. சாலையில் காயைக் கொட்டினார்கள். கிருஷ்ணகிரியிலும் ஆர்ப்பாட்டம் நடந்தது.

ஏன் இப்படி ஆனது என்று கேட்டால் ஆலைகள் தரப்பில் வந்த பதில், 'போன வருஷத்துக் கூழே இன்னும் விற்காமல் கிடக்கிறது'. இது பொய் என்று சொல்வதற்கில்லை. 2024-ல் வெயிலும் வறட்சியும் சேர்ந்து காய்ப்பைக் கெடுத்தன. காய் குறைந்தது, விலை ஏறியது, ஆலைகள் அதிக விலை கொடுத்து வாங்கின. அதே நேரத்தில் 2023 நவம்பரில் செங்கடலில் தொடங்கிய கப்பல் தாக்குதல்களால் கப்பல்கள் ஆப்பிரிக்காவைச் சுற்றிப் போக வேண்டியதாகி, வாடகை எகிறியது. இந்திய மாங்கூழை வாங்கும் நாடுகளில் சவுதி அரேபியா, ஏமன், நெதர்லாந்து எல்லாம் அந்தக் கடல் வழியோடு சம்பந்தப்பட்டவை. விலை கூடிய கூழ் தேங்கிப் போனதில் ஆச்சரியம் இல்லை.

ஆனால் இந்தப் பதிலை இன்னொரு முறை படித்துப் பார்க்க வேண்டும். 2024-ல் அதிக விலைக்கு வாங்கியது யார்? ஆலை. அதை நல்ல விலைக்கு விற்க முடியாமல் போனது யார்? ஆலையும் வியாபாரியும். அந்த நஷ்டத்தைக் கட்டியது யார்? 2025-ல் காய் கொண்டுவந்த விவசாயி! டப்பா என்ற பொருளைக் கண்டுபிடித்ததே, மிகுந்த காலத்தில் அடைத்து வைத்துக் குறைந்த காலத்தில் எடுத்துக்கொள்ளத்தான். மா மரம் ஒரு வருஷம் நிறையக் காய்த்தால் அடுத்த வருஷம் ஓய்வெடுக்கும், இது பாட்டன் காலத்திலிருந்து தெரிந்த சங்கதி. நல்ல வருஷத்தையும் மோசமான வருஷத்தையும் சமப்படுத்தத் தோதான பொருள் டப்பா மாங்கூழைப் போல வேறு இருக்க முடியாது. நடப்பதோ நேர் தலைகீழ். காய் குறைந்த வருஷத்தில் கையிருப்பைக் காட்டி விலையை அடக்கப் பார்ப்பது, காய் மிகுந்த வருஷத்தில் அதே கையிருப்பைக் காட்டி விலையை உடைப்பது. கையிருப்பு எவ்வளவு என்று யாருக்காவது தெரியுமா என்றால், அதுவும் இல்லை. ஆலை சொல்வதுதான் கணக்கு. விவசாயிகள் ஒவ்வொரு வருஷமும் 'சிண்டிகேட்' என்று குற்றம் சாட்டுகிறார்கள், ஆலைகள் மறுக்கின்றன. ரேட்டையும் கையிருப்பையும் வெளியே சொல்லாத ஒரு தொழிலில் இந்தச் சந்தேகம் வராமல் இருந்தால்தான் அதிசயம்.

சரி, அரசாங்கங்கள் என்ன செய்தன? 2025 ஜூன் மாதத்து நிகழ்ச்சிகளை வரிசையாகப் படித்தால் சிரிப்பதா அழுவதா என்று தெரியாது. ஆந்திர அரசு தோத்தாபுரிக்குக் கிலோ 12 ரூபாய் என்றது. அதில் 8 ரூபாய் ஆலை தர வேண்டும், 4 ரூபாய் அரசு தரும். உடனே ஒரு சிக்கல் வந்தது. 12 ரூபாய் கிடைக்கும் இடத்துக்குப் பக்கத்து மாநிலக் காயும் வருமே! ஜூன் 7-ஆம் தேதி வெளிமாநிலத் தோத்தாபுரி சித்தூர் மாவட்டத்துக்குள் வரக்கூடாது என்று உத்தரவு போட்டார்கள். கர்நாடக முதல்வர் சித்தராமையா, ஆந்திர முதல்வர் சந்திரபாபு நாயுடுவுக்குக் கடிதம் எழுதினார். 'ஒரே நாடு, ஒரே சந்தை' என்று மேடையில் முழங்குகிற தேசத்தில் மாங்காய்க்கு செக்போஸ்ட். தமிழக முதல்வர் மு.க.ஸ்டாலினும் மத்திய அரசின் உதவி கேட்டுக் கடிதம் எழுதினார். எதிர்க்கட்சி போராட்டம் அறிவித்தது. ஆந்திராவில் அந்த 8 ரூபாயைக்கூட ஆலைகள் சரியாகத் தரவில்லை என்ற புகார் சீசன் முடிந்த பிறகும் ஓயவில்லை.

அப்புறம் மத்திய அரசு வந்தது. குறைந்தபட்ச ஆதரவு விலை இல்லாத பயிர்களுக்கென்று சந்தைத் தலையீட்டுத் திட்டம் என்று ஒன்று இருக்கிறது. முந்தைய சாதாரண சீசனை விட விலை 10 சதவீதமாவது விழுந்தால், மாநில அரசு கேட்டுக்கொண்டால், மத்திய அரசும் மாநிலமும் பாதிப் பாதி செலவில் தலையிடும். 2025 தொடக்கத்தில் இதன் விதிகளைத் திருத்தி, கொள்முதல் செய்யாமலே விலை வித்தியாசத்தைப் பணமாகத் தரலாம் என்றும், மொத்த விளைச்சலில் 25 சதவீதம் வரை இதில் சேர்க்கலாம் என்றும் மாற்றினார்கள். இதன்படி கர்நாடகாவுக்கு 2.5 லட்சம் டன் மாங்காய்க்கு ஒப்புதல் கிடைத்தது. தலையீட்டு விலை குவிண்டால் 1,616 ரூபாய். ஆந்திராவுக்கு 1.62 லட்சம் டன், குவிண்டால் 1,490.73 ரூபாய்.

இந்த இரண்டு எண்களும் ரொம்ப முக்கியமானவை. கிலோ கணக்கில் 16 ரூபாய் 16 பைசா, ஏறக்குறைய 14 ரூபாய் 91 பைசா. 73 பைசா வரைக்கும் சுத்தமாகக் கணக்குப் போட அரசாங்கத்துக்குத் தெரிகிறது! அதாவது, இந்தக் காய்க்கு இவ்வளவு விலை இருக்க வேண்டும் என்று கணக்கிட முடியாது என்ற வாதம் அந்த நிமிஷமே செத்துவிட்டது. கணக்கிட முடியும், கணக்கிட்டார்கள். ஆனால் எப்போது? காய் சாலையில் கொட்டப்பட்ட பிறகு, ஜூன் கடைசியிலும் ஜூலையிலும். இதே கணக்கை மார்ச் மாதம் போட்டு அறிவித்திருந்தால் என்ன குடி முழுகிப் போயிருக்கும்? காயை 5 ரூபாய்க்கு வாங்கிக்கொள்ள ஆலையை விட்டுவிட்டு, மிச்சத்தில் ஒரு பகுதியை மக்களின் வரிப்பணத்திலிருந்து கொடுப்பதற்குப் பெயர் விவசாயிக்கு உதவி என்கிறார்கள். நிதானமாகப் பார்த்தால் அது ஆலைக்கும், ஆலையிடம் வாங்குகிற குளிர்பான நிறுவனத்துக்கும் கிடைத்த மானியம்.

குளிர்பான நிறுவனங்களைப் பற்றிப் பேசாமல் இந்தக் கதை முடியாது. 1970-களில் மாசா வந்தது, 1985-ல் அட்டைப் பெட்டியில் ஃப்ரூட்டி வந்தது, 1993-ல் மாசா கோகோ கோலாவின் கைக்குப் போனது, பெப்சியின் ஸ்லைஸ் இன்னொரு பக்கம். உள்நாட்டில் மாங்கூழுக்குப் பெரிய வாடிக்கையாளர்கள் இந்த மாதிரி பானங்கள்தான். விளம்பரத்தில் பழம் அப்படியே பிழிந்து பாட்டிலுக்குள் ஒழுகும். சட்டம் என்ன சொல்கிறது? இந்திய உணவுப் பாதுகாப்பு மற்றும் தர நிர்ணய ஆணையத்தின் விதிப்படி, குடிக்கத் தயாரான பழ பானத்தில் பழச்சாறு குறைந்தது 10 சதவீதம் இருந்தால் போதும். எலுமிச்சைக்கு 5 சதவீதம். மீதி தண்ணீரும் சர்க்கரையும் இன்னபிறவும்.

இப்போது அந்த இரண்டு டன், ஒரு டன் கணக்கை எடுத்துக்கொள்ளலாம். 125 மில்லி பிடிக்கும் சின்னப் பெட்டி, 10 ரூபாய்க்கு விற்றது. குறைந்தபட்ச விதிப்படி அதில் சுமார் 12.5 கிராம் கூழ். அதற்கு 25 கிராம் காய். கிலோ 5 ரூபாய் என்றால் அந்தக் காயின் விலை 12.5 பைசா. பழைய கணக்கில் சொன்னால் இரண்டணா! பத்து ரூபாயில் விவசாயியின் பங்கு இரண்டணா. அதே காயை மத்திய அரசே நியாயம் என்று கண்டுபிடித்த கிலோ 16 ரூபாய்க்கு வாங்கினால்? 40 பைசா. வித்தியாசம் 27.5 பைசா. சில நிறுவனங்கள் 10 சதவீதத்துக்கு மேலும் கூழ் சேர்க்கலாம், அது உண்மை. இரண்டு மடங்கு சேர்த்தாலும் பெட்டிக்கு 55 பைசாதான் கூடும். இந்த 55 பைசாவுக்காகத்தான் மூன்று மாநிலங்களில் இவ்வளவு ரகளை.

இன்னொரு கணக்கும் உண்டு. 2025 செப்டம்பர் 22 முதல் பழச்சாறு கலந்த (வாயு அடைக்காத) பானங்களுக்கு ஜிஎஸ்டி 12 சதவீதத்திலிருந்து 5 சதவீதமாகக் குறைந்தது. 10 ரூபாய் பெட்டியில் இந்தக் குறைப்பு ஏறக்குறைய 60 பைசா. வரியைக் குறைத்தது வாங்குகிறவருக்குப் பயன் போகட்டும் என்றுதான், அதில் தப்பில்லை. ஆனால் ஒரே அறிவிப்பில் பெட்டிக்கு 60 பைசாவை விட்டுக்கொடுக்க முடிகிற அரசாங்கம், 27 பைசாவை மாமரத்தின் அடியில் கொண்டுபோய்ச் சேர்க்க வழி தெரியவில்லை என்றால் எப்படி நம்புவது?

'தனியார் வாங்குகிற பொருளுக்கு அரசு எப்படி விலை வைக்க முடியும்?' என்பது அடுத்த கேள்வி. நாளிதழ்களின் வணிகப் பக்கத்தில் எழுதுகிறவர்களுக்கு மிகவும் பிடித்த கேள்வி இது. இதற்கு ஒரே வார்த்தையில் பதில், கரும்பு. 1966-ஆம் வருஷத்துக் கரும்புக் கட்டுப்பாட்டு ஆணையின் கீழ் மத்திய அரசு கரும்புக்கு விலை அறிவிக்கிறது. தனியார் ஆலையும் அதைக் கொடுத்தாக வேண்டும். 14 நாளுக்குள் பணம் தர வேண்டும், தாமதமானால் 15 சதவீத வட்டி. 2025-26 பருவத்துக்கு, 10.25 சதவீதப் பிழிதிறனுக்கு, குவிண்டால் 355 ரூபாய் என்று மத்திய அமைச்சரவை முடிவு செய்தது 2025 ஏப்ரல் 30-ஆம் தேதி. சர்க்கரைப் பருவம் தொடங்குவது அக்டோபர் 1. ஐந்து மாதம் முன்னதாக! கரும்பும் பறித்த சில நாளில் காய்ந்து எடை இழக்கும் பொருள், அதுவும் ஆலையைத் தவிர வேறு பெரிய வாடிக்கையாளர் இல்லாத பொருள், அதிலிருந்து எடுக்கும் சர்க்கரையும் மூட்டையில் நாள்கணக்காகக் கிடக்கும், உலகச் சந்தையில் விலை ஏறி இறங்கும். பெங்களூராவுக்கு இருக்கும் ஒவ்வொரு குணமும் கரும்புக்கும் இருக்கிறது. ஒன்றே ஒன்று இல்லை, சட்டம்.

கரும்பு விவசாயி மட்டும் சுகமாகவா இருக்கிறார், தமிழ்நாட்டிலேயே ஆலைகள் பாக்கி வைக்கவில்லையா என்று கேட்கலாம். வைத்தன, கோடிக்கணக்கில் வைத்தன. அதற்காகப் போராட்டங்களும் வழக்குகளும் நடந்தன. ஆனால் பாக்கி என்று சொல்வதற்கே முதலில் ஒரு தொகை வேண்டுமே. கரும்பு விவசாயி கோர்ட்டுக்குப் போய், இந்த விலைக்கு இத்தனை டன், இவ்வளவு வரவேண்டும் என்று சொல்ல முடியும். மாங்காய் கொடுத்தவர் எதைக் காட்டிக் கேட்பார்? எடைச் சீட்டையா?

விலை வைத்தால் ஆலைகள் வாங்காமல் போய்விடும், பக்கத்து மாநிலத்துக்குப் போய்விடும் என்ற பயம் இதைவிட நியாயமானது. ஒரு மாநிலம் மட்டும் விலை வைத்தால் என்ன ஆகும் என்பதை 2025-ல் சித்தூர் செக்போஸ்ட்டிலேயே பார்த்தாகிவிட்டது. கிருஷ்ணகிரியும் சித்தூரும் கோலாரும் நடைமுறையில் ஒரே தோட்டம். நடுவில் ஓடும் எல்லைக் கோடு மரத்துக்குத் தெரியாது. அதனால்தான் இதைக் கரும்பு மாதிரி மத்திய அரசு செய்ய வேண்டும், மூன்று மாநிலத்துக்கும் ஒரே விலையாக. அப்படி ஒரே விலை வந்துவிட்டால் ஆலை எங்கே போகும்? குஜராத்தின் கேசரிலும் ரத்னகிரியின் அல்போன்சாவிலும் மலிவான பானம் போட்டு விற்கக் கட்டுப்படியாகாது. வருஷம் முழுக்க விற்க வேண்டிய பொருளுக்குக் காய் கிடைப்பது மூன்று மாதம் மட்டும் என்பது விவசாயியின் பலவீனம் மட்டும் இல்லை, ஆலையின் பலவீனமும்தான். மெக்சிகோவும் மற்ற நாடுகளும் போட்டிக்கு இருக்கின்றன என்பது ஏற்றுமதிக்குப் பொருந்தும், உள்நாட்டுப் பாட்டிலுக்கு அவ்வளவாகப் பொருந்தாது.

ஆலைக்காரர்களைப் பற்றியும் ஒரு வார்த்தை சொல்லியாக வேண்டும். இவர்கள் எல்லோரும் கொள்ளைக்காரர்கள் என்று எழுதினால் கைதட்டல் கிடைக்கும், உண்மை கிடைக்காது. பல ஆலைகள் நடுத்தர முதலாளிகள் நடத்துபவை. மூன்று மாத ஓட்டம், ஒன்பது மாதம் தக்காளி, கொய்யா என்று சில்லறை வேலை அல்லது பூட்டு. சீசனில் வாங்கும் கடனுக்கு வருஷம் முழுக்க வட்டி. அவர்களிடம் கூழ் வாங்கும் பெரிய நிறுவனங்கள் விலையை அடித்துப் பேசும், எடுத்துக்கொள்ளும் அளவையும் தள்ளிப்போடும். மேலே இருந்து அழுத்தினால் கீழே தள்ள ஓர் ஆள் இருக்கும் வரை ஆலை மேலே எதிர்த்துப் பேசாது. காய்க்குச் சட்டப்படியான விலை வந்தால், 'இதற்குக் கீழே என்னால் காய் வாங்கவே முடியாது' என்று பன்னாட்டு நிறுவனத்திடம் சொல்ல ஆலைக்கும் ஒரு பிடி கிடைக்கும். யோசித்துப் பார்த்தால் இந்தக் கோரிக்கையை முதலில் எழுப்பியிருக்க வேண்டியவர்கள் ஆலைக்காரர்கள். எழுப்பவில்லை.

தமிழ்நாட்டு அரசும் கையைக் கட்டிக்கொண்டு டெல்லியைப் பார்த்து நிற்க வேண்டியதில்லை. ஒப்பந்தப் பண்ணையத்துக்கென்று தனிச் சட்டம் கொண்டுவந்த முதல் மாநிலம் என்று 2019-ல் பெருமையாகச் சொன்னார்கள். குடியரசுத் தலைவரின் ஒப்புதலும் கிடைத்தது. விதைக்கும்போதோ அதற்கு முன்போ விலையை எழுதி ஒப்பந்தம் போட்டுக்கொண்டால், அறுவடையின்போது சந்தை விழுந்தாலும் எழுதிய விலை கிடைக்கும் என்பதுதான் அதன் சாரம். அந்தச் சட்டத்துக்குப் பெங்களூராவை விடப் பொருத்தமான பயிர் தமிழ்நாட்டில் தேட வேண்டும். அங்கே ஆலையும் தோட்டமும் ஒரே வட்டாரம், வருஷா வருஷம் அதே ஆட்கள், அதே காய். அப்படியும் வியாபாரம் பெரும்பாலும் வாய்ப்பேச்சில்தான் நடக்கிறது. ஆலைகளுக்கு அரசு தருகிற மானியம், சலுகை எதுவாக இருந்தாலும், எழுதின ஒப்பந்தத்தைக் காட்டினால்தான் என்று ஒரு நிபந்தனை போட எந்தச் சட்டத் திருத்தமும் தேவைப்படாது.

கையிருப்பு விஷயமும் அப்படித்தான். சர்க்கரை ஆலைகள் தங்கள் கையிருப்பை மாதாமாதம் அரசுக்குத் தெரிவிக்க வேண்டும். மாங்கூழ் ஆலை ஏப்ரல் முதல் தேதியன்று தன்னிடம் இத்தனை டப்பா, இத்தனை டிரம் இருக்கிறது என்று சொன்னால் என்ன? உண்மையிலேயே கூழ் தேங்கியிருந்தால் அது சீசனுக்கு முன்பே ஊருக்குத் தெரியும். குத்தகைக்குத் தோட்டம் எடுப்பவர் அதற்கேற்பப் பேசுவார், விவசாயி ஒரு பகுதியைக் காயாகவே ஊறுகாய்க்கும் சந்தைக்கும் அனுப்பப் பார்ப்பார். தேங்காமலே தேங்கியது என்று சொல்லியிருந்தால் அதுவும் தெரிந்துவிடும். இதற்கு எதிர்ப்பு வருகிறதென்றால் ஏன் வருகிறது என்று கேட்க வேண்டியிருக்கும்.

10 சதவீத விதியை 20 ஆக்கினால் ஒரே நாளில் அந்தப் பாட்டில்களுக்கு வேண்டிய கூழ் இரண்டு மடங்காகும் என்பதையும் யாராவது ஆணையத்துக்குச் சொல்லலாம். குழந்தைகள் குடிப்பதில் சர்க்கரைத் தண்ணீர் குறைந்தால் யாருக்கும் நஷ்டமில்லை, விளம்பரத்தில் காட்டும் பழத்துக்கும் கொஞ்சம் மரியாதை.

நெல் கட்டுப்படியாகவில்லை என்றால் அடுத்த போகம் உளுந்து போடலாம். கத்தரி விலை போகவில்லை என்றால் வெண்டை. மாமரம் அப்படி இல்லை. ஒட்டுக் கன்று நட்டு உருப்படியாகக் காய் பார்க்க நாலைந்து வருஷம், அதன்பிறகு ஒரு தலைமுறைக்கு அந்த நிலம் மரத்துக்குத்தான். இரண்டு வருஷம் விலை போகவில்லை என்று வெட்டினால், அடுத்து விலை ஏறும் வருஷத்தில் நட்டுக்கொள்ள முடியாது. ஆலைக்கு இது தெரியும். விவசாயி ஓடிப்போக முடியாத ஆள் என்று தெரிந்துதான் பேரம் நடக்கிறது. கிருஷ்ணகிரியில் வருஷா வருஷம் அகில இந்திய மாங்கனிக் கண்காட்சி நடக்கிறது. அமைச்சர்கள் வருகிறார்கள், விதவிதமான ரகங்களை அடுக்கிப் படம் எடுத்துக்கொள்கிறார்கள். அந்த மேடையில் பெங்களூராவின் அந்த வருஷத்து விலையை அறிவித்தால் கூட்டம் இன்னும் அதிகமாக வரும்.

ஜனவரியில் மரம் பூக்கிறது. மார்ச்சில் பிஞ்சைப் பார்த்தே தோட்டக்கலைத் துறையால் விளைச்சலைத் தோராயமாகச் சொல்ல முடியும். கோடைக்கு வேண்டிய கூழுக்குக் குளிர்பான நிறுவனங்கள் அதற்குள் ஏற்பாடு செய்திருக்கும். குடோனில் மிச்சம் எவ்வளவு என்று ஆலைக்குத் தெரியும். விவசாயிகள், ஆலைகள், அதிகாரிகள் சேர்ந்து உட்காரும் முத்தரப்புக் கூட்டம் நடப்பது மட்டும், நடக்கிற வருஷங்களில், காய் முற்றித் தொங்கும்போதுதான். அங்கேயும் விலையைச் சந்தைதான் தீர்மானிக்கும் என்று சொல்லி டீ குடித்துவிட்டுக் கலைகிறார்கள். பறித்த காய் லாரி ஏறி ஆலை வாசலில் எடை மேடைக்கு வந்த பிறகுதான், தன் காய்க்கு என்ன விலை என்று மரத்தை வளர்த்தவருக்குத் தெரிகிறது. பிடிக்கவில்லை என்றால் லாரியைத் திருப்பிக்கொண்டு போகலாம், வாடகை அவருடையது.